பென் கவுச்: றக்பி விளையாடினவர் பொலிஸ் மந்திரியான கதை (கேள்வி பதில்)

நியூசிலாந்து வெலிங்டன்ல 22 வருஷம் வேலை செஞ்சிட்டு கிறுகி வந்து இப்ப கல்லடியில கிடக்கிறவன் நான். றக்பி எண்டா கொஞ்சம் பைத்தியம். போன கிழமை பென் கவுச் எண்ட நியூசிலாந்துக்காரரப் பத்தி ரெண்டு வரி எழுதினன், ஆல் பிளாக்ஸ் எண்ட நியூசிலாந்து தேசிய றக்பி டீமுக்கு விளையாடி, மாவோரி (நியூசிலாந்துட ஆதிக்குடி) எண்டதுக்காக ஒரு டூருக்குக் கூட்டிப்போகாம விடப்பட்டு, மறுகா எம்.பியாகி மந்திரியானவர், அதுக்கு இவ்வளவு கேள்வி வரும் எண்டு நினைக்கல்ல. வந்த வரிசையில சொல்லிக்கிட்டுப் போறன்.

ஆரையம்பதித் தம்பி: அண்ணன், நாங்க வெபர் மைதானத்துல ஃபுட்போலும் கிரிக்கெட்டும் பாத்து வளந்த ஆக்கள். இவர் றக்பில என்ன இடத்துல நிண்டவர்?

10ஆம் நம்பர் இடம் மனே. ஒரு பக்கம் 15 பேர், அதுல முன்னுக்கு நிக்கிற 8 பேரும் எருமை மாதிரி முட்டி மோதிப் பந்த எடுப்பானுகள், அது 9ஆம் நம்பர்ட கையால 10க்கு வரும், அவர்தான் அந்த ஒரு செக்கன்ல உதைக்கிறதா, பாஸ் பண்றதா, தானே ஓடுறதா எண்டு முடிவெடுக்கணும். மூளை வேலை. 1947க்கும் 1949க்கும் இடையில 3 டெஸ்ட், அதாவது நாட்டுக்கு நாடு மெச், விளையாடினவர். மூணுதானா எண்டு சிரிக்காதீங்க, அந்தக் காலத்துல டெஸ்டே குறைவு.

கல்முனைத் தங்கச்சி: மாவோரி எண்டதுக்காக அவர டூர் கூட்டிப்போகல்ல எண்டு எழுதியிருந்தீங்க, உண்மையா அண்ணன்?

ஓம் உண்மை. அவர் 1925ல லிற்றல்டன் துறைமுக ஊருல பிறந்தவர், மாவோரி இனம். 1949ல ஆல் பிளாக்ஸ் தென்னாபிரிக்கா போகுது, அங்கத்த வெள்ளைக்காரனுக்கு நிறம் உள்ளவன் மைதானத்துல நிக்கக் கூடா, நியூசிலாந்து றக்பி சங்கமும் சரி எண்டு தலைய ஆட்டிட்டு மாவோரி ஆக்கள ஊரிலயே விட்டுட்டுப் போச்சு. கவுச் மட்டும் இல்ல, ஜொனி ஸ்மித், வின்ஸ் பெவன் போல நல்ல நல்ல ஆக்கள். போனவங்க 4 டெஸ்டும் தோத்தாங்க. இன்னும் பகிடி, அந்த வருஷம் செப்டம்பர் 3ஆம் திகதி ஒரே நாள்ல ரெண்டு ஆல் பிளாக்ஸ் டீம் விளையாடுது, டேர்பன்ல ஒண்டு, வெலிங்டன்ல அவுஸ்திரேலியாவோட ஒண்டு, ரெண்டும் தோல்வி.

1928லயும் இதே கதை. 1960ல "மாவோரி இல்லாட்டி டூர் இல்ல" எண்டு ஒண்டரை லட்சத்துக்கு மேல கையெழுத்து வெச்சும் டீம் போனதுதான். 1970லதான் முதல்முதலா கூட்டிப்போனாங்க, அதுவும் "கௌரவ வெள்ளையர்" எண்ட பேருல. அந்தப் பேரு எனக்கு ஏச்ச விடக் கேவலமாப் படும்.

களுவாஞ்சிக்குடி மாமா: பாராளுமன்றத்துக்கு எப்படிப் போனான் இந்தப் பொடியன்?

1975ல நேஷனல் கட்சியில வைரராப்பா தொகுதி மாமா, அவர் றக்பி விளையாடின பகுதியும் அதுதான். அங்க மாவோரிக்கு எண்டு தனியா 4 ஆசனம் இரிந்தது, இவர் அதுல நிக்கல்ல, பொதுத் தொகுதியில வெள்ளைக்காரன்ட வாக்க எடுத்து வெண்டவர். அப்படி வெண்ட மாவோரி, ஜேம்ஸ் கரோலுக்குப் பிறகு அந்த வருஷம் இவரும் ரெக்ஸ் ஒஸ்டினும்தான். 1978ல மாவோரி விவகார மந்திரி, 1980ல பொலிஸும் கைக்கு வந்திட்டு.

அக்கரைப்பத்து நானா: 1981ல என்னதான் நடந்த?

இதுதான் நானா கதைட உயிர். அந்த வருஷம் தென்னாபிரிக்க றக்பி டீம் ஸ்பிரிங்பொக்ஸ் நியூசிலாந்துக்கு வாறாங்க. இனஒதுக்கல் நாட்டோட விளையாட்டுத் தொடர்பு வெக்கிறத்த தடுப்பம் எண்டு 1977ல கிளெனீகிள்ஸ் ஒப்பந்தத்துல பிரதமர் மல்டூனும் சம்மதிச்சவர்தான், ஆனா விளையாட்டுக்குள்ள அரசாங்கம் தலையிடா எண்டு கைய விரிச்சிட்டார். ஜூலை 25 ஹமில்டன்ல டூர எதிர்த்த சனம் வேலிய உடைச்சி மைதானத்துக்குள்ள ஏறி மெச்ச நிப்பாட்டிச்சு. நாலு நாளைக்குப் பிறகு வெலிங்டன் மோல்ஸ்வர்த் வீதியில எதிர்ப்புக் காட்டின ஆக்களுக்குப் பொலிஸ் பொல்லால அடிச்சது. கடைசி டெஸ்ட் செப்டம்பர் 12 ஒக்லண்ட் ஈடன் பார்க்குல, சின்ன செஸ்னா பிளேன் ஒண்டு தலைக்கு மேல பறந்து பறந்து கோதுமை மாப் பைகள் போடுது, ஒண்டு கேரி நைட் எண்ட ஆல் பிளாக்ஸ் காரன்லயே பட்டு விழுந்திட்டார், அதுக்குள்ளயும் விளையாடி கடைசி நேரப் பெனல்டியில 25-22 எண்டு ஆல் பிளாக்ஸ் வெண்டாங்க.

இவ்வளவுக்கும் பொலிஸ் மந்திரி ஆர்? பென் கவுச். 32 வருஷத்துக்கு முதல் எந்த நாட்டுக்காரனுக்காக இவர ஒதுக்கினாங்களோ, அந்த நாட்டு டீமுக்குக் காவல் நிண்ட பொலிஸ் இவர்ட பொறுப்பு. டூர் நடக்கட்டும் எண்ட பக்கம்தான் இவரும் நிண்டவர்.

வாழைச்சேனையிலருந்து ஒரு ஆள்: நேரடியாச் சொல்லுங்க, தன்ட சனத்த வித்தவர்தானே?

அப்படி ஒரே போடாப் போட எனக்கு மனசு வரல்ல. அந்தத் தலைமுறை ஆக்களுக்கு றக்பி வேற அரசியல் வேற எண்டு உண்மையிலயே ஒரு நம்பிக்கை இரிந்தது, சங்கம் சொன்னா வாய மூடிக்கிட்டு நிக்கிற பழக்கமும் இரிந்தது. அதுக்காக அவர் செஞ்சது சரி எண்டும் சொல்லமாட்டன், மாவோரி விவகாரமும் பொலிஸும் ஒரே ஆள்ட கையில இரிக்கக்குள்ள ரோட்டுல அடி வாங்கினதுல மாவோரி ஆக்களும் இரிந்தாங்க. என்னோட வேலை செஞ்ச மாவோரி கிழவர் ஒருத்தர் கவுச்ட பேரு எடுத்தாலே எழும்பித் தேத்தண்ணி ஊத்தப் போயிருவார். நானும் மறுகா கேக்கிறல்ல.

காத்தான்குடி: நம்மட நாட்டுல இப்படி ஆர்?

நாமல் ராஜபக்ஷ. தேசிய றக்பி டீமுல விளையாடினவர், 2010ல எம்.பி, மறுகா விளையாட்டு மந்திரி. அதுக்கு மேல இண்டைக்கு வேணாம், சண்டை தொடங்கிரும்.

ஆரையம்பதித் தம்பி திரும்ப: 1981ல ஆல் பிளாக்ஸ்ல ஒருத்தனும் எதிர்க்கல்லயா? கவுச்சுக்கு மறுகா என்ன நடந்த?

எதிர்த்தாங்க மனே. கப்டன் கிரஹம் மூரி விளையாடமாட்டன் எண்டு விலகினார், புரூஸ் ரொபட்சனும் விலகினார். கவுச் 1984 தேர்தல்ல தோத்து வீட்ட போனார், 1996ல காலமானார். ஒதுக்கின மாவோரி ஆட்டக்காரர்கள்ட்ட நியூசிலாந்து றக்பி சங்கம் மன்னிப்புக் கேட்டது 2010ல, அவர் போய் 14 வருஷத்துக்குப் பிறகு.