கடை சென்னையில், வழக்கு டெல்லியிலா?

கேள்வி: அம்பத்தூரில் வாட்டர் ஃபில்டர் டீலராக இருந்தேன். டெல்லி கம்பெனி டீலர்ஷிப்பை ரத்து செய்துவிட்டு, 8 லட்ச ரூபாய் டெபாசிட்டைத் தர மறுக்கிறது. ‘தகராறு வந்தால் கம்பெனி எம்.டி. நியமிக்கும் நடுவர் விசாரிப்பார். ஆர்பிட்ரேஷன் சீட் டெல்லி. டெல்லி கோர்ட்டுகளுக்கு மட்டுமே அதிகாரம்’ என்று அக்ரிமென்ட்டில் இருக்கிறது. சென்னையிலேயே கேஸ் போட முடியாதா?

பதில்: போடலாம், ஆனால் நிற்காது. நீங்கள் சிவில் கோர்ட்டுக்குப் போனால், கம்பெனி பதிலுரை தாக்கல் செய்வதற்கு முன்பே ஆர்பிட்ரேஷன் (கோர்ட்டுக்கு வெளியே நடுவர் விசாரணை) சட்டத்தின் 8-வது பிரிவில் ஒரு மனு போட்டு, ‘நடுவரிடம் போகச் சொல்லுங்கள்’ என்று கேட்கும். கோர்ட்டும் அனுப்பிவிடும். ‘கடை இங்கே, சரக்கு இறங்கியதும் இங்கே’ என்ற வாதம் எடுபடாது. 2017-ல் தீர்ப்பான இன்டஸ் மொபைல் வழக்கில் சரக்கு டெல்லியிலிருந்து சென்னைக்கு வந்தது. ஒப்பந்தமோ சீட் (சட்டப்படி ஆர்பிட்ரேஷனின் இருப்பிடம்) மும்பை என்றது. மும்பையில் எதுவுமே நடக்காவிட்டாலும் மும்பை கோர்ட்டுகளுக்குத்தான் அதிகாரம் என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

அதற்காக மாதாமாதம் தமிழ்நாடு எக்ஸ்பிரஸ் ஏற வேண்டுமோ என்று பயப்படாதீர்கள். சீட் டெல்லியாக இருந்தாலும் அமர்வை வேறு ஊரிலோ வீடியோவிலோ வைக்க முடியும். முதல் அமர்விலேயே எழுத்தில் கேளுங்கள்.

உங்கள் கையில் இருக்கும் பலம் வேறு இடத்தில் இருக்கிறது. கம்பெனி எம்.டி. தன்னிஷ்டத்துக்கு நியமிக்கும் தனி நடுவர் செல்லாது. 2019-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது. ஆனால் ஒரு விலக்கு உண்டு, ஏமாறுவது இங்கேதான். தகராறு வந்த பிறகு, ‘இந்த நடுவர் எனக்குச் சம்மதம்’ என்று நீங்களே எழுதிக் கொடுத்தால் அவர் செல்லுபடியாகிவிடுவார். பழைய அக்ரிமென்ட்டில் போட்ட கையெழுத்து இதற்குப் போதாது. பிறகு எழுதித் தருவதுதான் கணக்கு. முதல் அமர்வின் குறிப்பை அனுப்புவார்கள். கடைசி வரியில் ‘நியமனத்தில் இரு தரப்புக்கும் ஆட்சேபம் இல்லை’ என்று இருக்கும். அதில் கையெழுத்துப் போடாதீர்கள். ‘ஓகே சார்’ என்று மெயிலும் தட்டிவிடாதீர்கள். ஆட்சேபத்தை எழுதி அனுப்புங்கள். போகாமலே இருந்துவிடலாம் என்று நினைக்கவும் வேண்டாம். நீங்கள் இல்லாமலே உத்தரவு போட்டு, அம்பத்தூர் கடையை ஜப்தி செய்ய வருவார்கள்.

இதற்கிடையே ‘ஆவடி போலீஸ் கமிஷனர் ஆபீஸில் ஒரு புகார் கொடுத்தால் கம்பெனிக்காரன் ஓடி வருவான்’ என்று செட்டில்மென்ட் புரோக்கர் எவராவது முன்பணம் கேட்பார். தயவுசெய்து கொடுக்காதீர்கள். ‘இது சிவில் தகராறு’ என்று எழுதி மனுவை முடித்துவிடுவார்கள். அதற்குள் கேஸ் தொடங்க உங்களுக்குள்ள 3 ஆண்டு காலக்கெடு கரைந்துகொண்டிருக்கும். இப்படிக் கெடு தாண்டி வருபவர்களைப் பார்க்கும்போது மனசு ஆறுவதில்லை.

செய்ய வேண்டியது, 21-வது பிரிவின் கீழ் ஒரு நோட்டீஸ். ‘15 நாளில் பணம் தராவிட்டால் சட்ட நடவடிக்கை’ என்ற வழக்கமான வக்கீல் நோட்டீஸ் போதாது. இந்தத் தகராறை ஆர்பிட்ரேஷனுக்கு விடுகிறேன், பொதுவான ஒருவரை நடுவராக ஏற்றுக்கொள்ளுங்கள் என்று அதில் இருக்க வேண்டும். அது கம்பெனி கையில் கிடைத்த நாளில்தான் உங்கள் வழக்கு தொடங்கியதாகக் கணக்கு. ஸ்பீட் போஸ்ட் டிராக்கிங்கை அன்றே பிரின்ட் எடுத்து வையுங்கள். சில வாரம் கழித்துத் தேடினால் அந்தப் பக்கம் கிடைக்காது.

30 நாளில் கம்பெனி சம்மதிக்காவிட்டால், நடுவரை நியமிக்கச் சொல்லி டெல்லி உயர் நீதிமன்றத்தில் மனு. 60 நாளுக்குள் முடிக்க முயல வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. நடைமுறையில் மாதக்கணக்கில் இழுக்கும். வியாபாரியின் முதல் முடங்கிக் கிடக்கிறதே என்ற அவசரம் இந்த அமைப்பில் யாருக்கும் இல்லை.

டெபாசிட்டோடு தேதி போடாத செக் கொடுத்திருந்தால் இன்றே எழுத்தில் திருப்பிக் கேளுங்கள். கம்பெனி அதை பேங்கில் போட்டு பவுன்ஸ் ஆனால், கம்பெனியின் கணக்கு இருக்கும் ஊரில்தான் உங்கள் மேல் கிரிமினல் கேஸ். ஆர்பிட்ரேஷன் நடக்கிறது என்பதற்காக அந்தக் கேஸ் நிற்காது.