பன்றி வால்வு, பன்றிக் கிட்னி: வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

பன்றியின் டிஎன்ஏ 98 சதவீதம் மனித டிஎன்ஏதான் என்று வாட்ஸ்அப்பில் வந்தது. உண்மையா?

நம்ப வேண்டாம். எதை எதோடு ஒப்பிட்டார்கள் என்று சொல்லாத சதவீதத்துக்குப் பொருளே இல்லை. 98-99 என்பது சிம்பன்சிக்குச் சொல்லப்படும் எண். 2012இல் பன்றியின் மரபணுத்தொகுதி முழுவதும் படித்து வெளியிடப்பட்டது. அதற்கு 38 குரோமோசோம்கள், நமக்கு 46. பரிணாம உறவில் பன்றியைவிட எலிதான் நமக்கு நெருக்கம், ஆனால் எலியின் கிட்னியை வைத்து என்ன செய்வது? மருத்துவத்துக்கு வேண்டியது உறுப்பின் அளவும், அது வேலை செய்யும் விதமும், குறிப்பிட்ட ஒரு புரதத்தின் அமைப்பும்தான்.

அப்பா அந்தக் காலத்தில் பன்றி இன்சுலின் போட்டுக்கொண்டாராம். அது எப்படி நம் உடம்பில் வேலை செய்தது?

மனித இன்சுலினில் 51 அமினோ அமிலங்கள். பன்றி இன்சுலினில் அவற்றில் ஒன்றே ஒன்றுதான் வேறு: இன்சுலினின் இரண்டு சங்கிலிகளில் ஒன்றான பி சங்கிலியின் 30ஆம் இடத்தில் த்ரியோனினுக்குப் பதில் அலனின். மாட்டு இன்சுலினில் மூன்று மாறும். 1982 முதல் நுண்ணுயிரிகளைக் கொண்டே மனித இன்சுலின் தயாராகி விற்பனைக்கு வருகிறது.

அம்மாவுக்கு 68 வயது. இதயத்தின் அயோர்டிக் வால்வை மாற்ற வேண்டும். பன்றி வால்வா, மெட்டல் வால்வா?

65 வயதைத் தாண்டியவர்களுக்குப் பொதுவாகப் பன்றி வால்வு போன்ற திசு வால்வைத்தான் பரிந்துரைப்பார்கள். பன்றி வால்வை குளுட்டரால்டிஹைடு கரைசலில் பதப்படுத்தும்போது செல்கள் இறந்துவிடும், நார்ச்சட்டம் மட்டும் நிற்கும். அதனால் உடல் அதை நிராகரிப்பதைத் தடுக்கும் மாத்திரை தேவையில்லை. குறை என்னவென்றால், நாளாக ஆக அதில் கால்சியம் படிந்து இதழ்கள் விறைக்கும் அல்லது கிழியும். பெரும்பாலும் 10-15 ஆண்டுகள் தாங்கும். இளவயதினருக்கும் கிட்னி பழுதானவர்களுக்கும் சீக்கிரமே கெடும். மெட்டல் வால்வு நீண்ட காலம் உழைக்கும், ஆனால் ஆயுள் முழுக்க இரத்தம் உறையாமல் தடுக்கும் வார்ஃபரின் போன்ற மாத்திரையும், உறையும் வேகத்தைப் பார்க்கும் ஐஎன்ஆர் பரிசோதனையும் கூடவே வரும்.

சர்ஜனிடம் இரண்டைக் கேளுங்கள். வைக்கப்போகும் வால்வு எத்தனை மில்லிமீட்டர்? அது கெட்டால் கால் இரத்தக்குழாய் வழியாக உள்ளேயே இன்னொன்றை வைக்க அந்த அளவு போதுமா? பன்றி வேண்டாம் என்று மத நம்பிக்கை காரணமாக நினைப்பவர்கள் தயங்காமல் சொல்லலாம், மாட்டு இதய உறையில் செய்த வால்வும் உண்டு. எதை வைத்தாலும் பல் பிடுங்கும் முன் பல் டாக்டரிடம் வால்வைப் பற்றிச் சொல்லி, ஆன்டிபயாட்டிக் வாங்கிக்கொள்ள வேண்டும். காரணம் தெரியாத காய்ச்சல் வந்தால், முதலில் இரத்த கல்ச்சர் (இரத்தத்தில் கிருமி வளர்கிறதா என்று பார்க்கும் சோதனை), அப்புறம்தான் ஆன்டிபயாட்டிக். இந்த வரிசை மாறினால் வால்வில் தொற்று இருப்பதே கல்ச்சரில் தெரியாமல் போகலாம்.

டயாலிசிஸில் போடும் ஹெப்பாரின் பன்றியிலிருந்து வருகிறதா?

ஆம், இரத்தம் உறையாமல் தடுக்கும் இந்த மருந்து பெரும்பாலும் பன்றிக் குடலின் உட்சவ்விலிருந்துதான் வருகிறது. ஒவ்வாமை இருந்தால் யூனிட்டில் சொல்லுங்கள். சலைன் விட்டு அலசியபடி ஹெப்பாரின் இல்லாமலும் டயாலிசிஸ் செய்யலாம்.

நானும் டயாலிசிஸில்தான் இருக்கிறேன். பன்றிக் கிட்னிக்காகக் காத்திருக்கலாமா?

வேண்டாம். மனித கிட்னிக்கான வரிசையை விட்டுவிடாதீர்கள். தமிழ்நாட்டில் இருந்தால் உங்கள் மருத்துவமனை வழியாக, மாநில உறுப்பு மாற்று ஆணையமான டிரான்ஸ்டானில் பதிந்துவிடுங்கள்.

பன்றியின் செல் மேற்பரப்பில் ஆல்ஃபா-கேல் என்ற சர்க்கரை உண்டு, நமக்குக் கிடையாது. நம் குடல் பாக்டீரியாக்களிலும் அது இருப்பதால் குழந்தைப் பருவத்திலேயே அதற்கு எதிரான ஆன்டிபாடி நம் இரத்தத்தில் உருவாகிவிடுகிறது. சாதாரணப் பன்றிக் கிட்னியை வைத்தால் சில நிமிடங்களிலோ மணிகளிலோ இரத்தக்குழாய்கள் அடைத்துக் கறுத்துவிடும். 2024 மார்ச்சில் பாஸ்டனில் உயிருள்ள ஒருவருக்கு வைத்த கிட்னியில் 69 மரபணுத் திருத்தங்கள் செய்திருந்தார்கள். மூன்று சர்க்கரைகளுக்கான மரபணுக்களை நீக்கி, ஏழு மனித மரபணுக்களைச் சேர்த்தார்கள். அவர் இரண்டு மாதங்களில் இதயக் கோளாறால் இறந்தார், பிரேதப் பரிசோதனையில் நிராகரிப்பின் அடையாளம் இல்லை. அதே ஆண்டு நவம்பரில் நியூயார்க்கில் வைத்த கிட்னி 130 நாள் வேலை செய்தது. வேறொரு தொற்றுக்காக நிராகரிப்புத் தடுப்பு மருந்தைக் குறைத்தபோது உடல் அதை நிராகரிக்க, எடுத்துவிட்டார்கள். 2025 ஜனவரியில் பாஸ்டனில் வைத்த இன்னொன்று 271 நாள் ஓடியது. நிஜமான முன்னேற்றம்தான், ஆனால் இன்னும் ஆய்வுக் கட்டம்.

அதுவரை நீங்கள் செய்யக்கூடிய முக்கியமான காரியம்: தவிர்க்க முடிகிற இரத்தம் ஏற்றலைத் தவிர்ப்பது. ஒவ்வொரு யூனிட் இரத்தமும் பிறர் திசுவுக்கு எதிரான ஆன்டிபாடியைக் கூட்டலாம், பிறகு பொருத்தமான கிட்னி கிடைப்பதே கடினமாகும். ஹீமோகுளோபின் குறைந்தால் இரும்புச்சத்து, சிவப்பணுக்களைப் பெருக்கும் எரித்ரோபாய்டின் ஊசி பற்றி முதலில் கேளுங்கள்.

பன்றி வைரஸ் நமக்குத் தொற்றாதா?

நியாயமான பயம். 2022இல் பால்டிமோரில் பன்றி இதயம் பொருத்தப்பட்டவர் இரண்டு மாதம் வாழ்ந்தார், அந்த இதயத்தில் பன்றி சைட்டோமெகலோவைரஸ் பிறகு கண்டறியப்பட்டது. மறைந்திருக்கும் வைரஸைச் சாதாரணச் சோதனை தவறவிடும் என்பதால், இன்று ஆன்டிபாடியையும் சேர்த்துப் பார்க்கிறார்கள். இன்னொரு வகை வைரஸ் பன்றியின் டிஎன்ஏவிலேயே எழுதப்பட்டிருக்கிறது, எவ்வளவு சுத்தமான கொட்டிலில் வளர்த்தாலும் போகாது. மேலே சொன்ன 69 திருத்தங்களில் 59 அதை முடக்கத்தான்.