காதால் நடித்தவர்

கேள்வி: சென்ற மாதம் நண்பர்களோடு 'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்' பார்த்தேன். வீட்டு மாடியில் உட்கார்ந்து ஒட்டுக்கேட்கும் உளவு அதிகாரியாக வந்தவரின் முகம் அசையவே இல்லை. ஆனாலும் படம் முடிந்தபோது என்னால் தாங்க முடியவில்லை. யார் அவர்? இந்த ஒரு படத்தோடு போய்விட்டவரா? அவர் நடித்ததில் வேறு எதைப் பார்க்கலாம்?
- ஒரு வாசகி, மதுரை

பதில்: அவர் பெயர் உல்ரிச் மூஹே. ஒரு படத்தோடு போனவர் இல்லை. 2006இல் அந்தப் படம் வெளிவந்தபோது, மேடையேறி 27 ஆண்டுகள் ஆகியிருந்தன.

1953இல் கிழக்கு ஜெர்மனியின் கிரிம்மா என்ற சிற்றூரில் பிறந்தவர். கட்டடத் தொழில் கற்றார். கட்டாய ராணுவப் பணியில் பெர்லின் சுவரையே காவல் காத்தார். அப்புறம் லைப்சிக்கில் நாடகப் படிப்பு, பிறகு பெர்லினின் பெரிய மேடைகள். நாடகாசிரியர் ஹைனர் முல்லர் இயக்கத்தில் அவர் ஹாம்லெட்டாக ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்த நாட்களில்தான் வெளியே அந்த நாடே சரிந்துகொண்டிருந்தது. 1989 நவம்பர் 4 அன்று அலெக்ஸாண்டர் சதுக்கத்தில் லட்சக்கணக்கானோர் கூடியபோது மேடையேறிப் பேசியவர்களில் அவரும் ஒருவர். ஐந்தே நாளில் சுவர் திறந்தது. மறு வசந்தத்தில் அரங்கேறிய அந்த ஹாம்லெட் ஏழு மணி நேரத்துக்கும் மேல் ஓடியது.

கிழக்கு ஜெர்மனியின் அந்த உளவு அதிகாரி வேடத்துக்கு எப்படித் தயாரானீர்கள் என்று பின்னாளில் கேட்டபோது, பழையதை நினைத்துப் பார்த்தேன் என்ற பொருளில் பதில் சொன்னார். அந்தப் படத்தை இன்னொரு முறை பாருங்கள். ஹெட்போன் மாட்டியிருக்கும் காட்சிகளில் அவர் கண்ணை விட்டுவிட்டுக் கழுத்தையும் வாயோரத்தையும் கவனியுங்கள். பியானோ இசை கேட்கும் இடத்தில் அவர் செய்வது கேட்பது மட்டும்தான். எதிரில் ஆள் இல்லை, வசனம் இல்லை. கேட்பதையே நடிப்பாக்குவது எவ்வளவு கடினம் என்பது மேடையில் நின்றவர்களுக்குத் தெரியும்.

ஜெர்மன் வீடுகளுக்கு அவர் வேறொரு முகம். 1998 முதல் 2007 வரை இசட்.டி.எஃப். தொலைக்காட்சியில் 'கடைசி சாட்சி' என்ற பொருள்படும் தொடரில் தடயவியல் மருத்துவர் கோல்மாராக வந்தார். கடைசி சாட்சி, பிணம்தான். கொலையானவர் சொல்லாமல் போனதைப் பொறுமையாகக் கேட்டறிகிற மருத்துவர். தொலைக்காட்சித் தொடர்தானே என்று தீவிர சினிமா ரசிகர்கள் இதைத் தாண்டிப் போவதுண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. மாடியில் உட்கார்ந்து கேட்ட அந்த ஆளுக்கு இந்த மருத்துவர் உடன்பிறந்தவர் மாதிரி.

ஹிட்லரின் போலி டைரி விவகாரத்தைக் கேலி செய்யும் 'ஷ்டோங்க்!' (1992) படத்திலும் இருக்கிறார். இயக்குநர் மைக்கேல் ஹனேகேயின் 'ஃபன்னி கேம்ஸ்' (1997) மட்டும், பார்ப்பதற்கு முன் ஒருமுறை யோசியுங்கள். வீடு புகுந்தவர்கள் கால்முட்டியை உடைத்துவிட, குடும்பத்தைக் காப்பாற்ற முடியாமல் கிடக்கும் தகப்பன். நான் ஒருமுறைதான் பார்த்தேன், மறுமுறை பார்க்க மனம் வரவில்லை. இரவில் தனியாக வேண்டாம்.

2007 பிப்ரவரியில் நீங்கள் பார்த்த 'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்' சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. அதே ஆண்டு ஜூலையில் வயிற்றுப் புற்றுநோயால் மூஹே காலமானார். 54 வயதுதான். உலகம் அவரைக் கவனிக்கத் தொடங்கி ஓராண்டுகூட நிறைவாக ஓடவில்லை என்பது எனக்கு இன்றும் ஆறவில்லை.

சரி, எதில் தொடங்கலாம்? எழுத்தாளர் காஃப்காவின் நாவலை வைத்து ஹனேகே தொலைக்காட்சிக்காக எடுத்த 'கோட்டை'யைச் சொல்வேன். நில அளவையாளர் கே.யாக மூஹே பனியில் நடந்துகொண்டே இருப்பார். கோட்டையிலிருந்து பதில் வராது. காஃப்கா நாவலை முடிக்காமல் விட்ட இடத்திலேயே படமும் சட்டென்று நின்றுவிடும். டிவிடி பழுதோ என்று நினைத்துவிடாதீர்கள்.