ரெண்டு மணி நேரம் கழிச்சு தனியாதான் நடந்து வர்றேன்

வணக்கம் மேடம், வயசு 33, கல்யாணம் ஆகல. அஞ்சு வருஷமா டோக்கியோவுல, நிஷி கசாய் பக்கம் இருக்கேன், ஐடி வேலை. ஆப்ல பழக்கமான ஒரு ஜப்பான்காரப் பொண்ணோட மாசத்துக்கு ரெண்டு தடவ ஷிபுயா மருயாமாச்சோவுல இருக்கிற லவ் ஹோட்டலுக்குப் போறேன். உள்ள நுழைஞ்சதும் ரூம் போட்டோ எல்லாம் ஒரு போர்டுல இருக்கும், லைட் எரிஞ்சா காலி, பட்டன அமுக்கணும், கவுன்டர்ல இருக்கிறவங்க முகம்கூட தெரியாது, சின்ன ஜன்னல் வழியா கை மட்டும் வந்து சாவி குடுக்கும். 'ரெஸ்ட்'னு ரெண்டு மூணு மணி நேரம் குடுப்பாங்க. எல்லாம் முடிஞ்சப்புறம் அவ அந்த ரூம் கெட்டில்லயே தண்ணி சுட வச்சு க்ரீன் டீ போட்டு, ஒரு கப்ப என் கைல குடுத்து, 'இன்னைக்கு வேலை எப்படிப் போச்சு'ன்னு கேப்பா, நான் அதுக்குத்தான் போறேனோன்னு இப்பல்லாம் தோணுது. ஸ்டேஷன் வந்ததும் லேசா தலை குனிவா, அவ வேற லைன் நான் வேற லைன். முழுப்பேர்கூட தெரியாது. போன தடவ அவ குளிக்கப் போனப்ப மேஜைல கிடந்த நோட்டப் புரட்டினேன், வந்து போறவங்க எழுதி வைக்கிறது. 'அவன் தூங்கிட்டான், நான் முழிச்சிருக்கேன்'னு யாரோ ஜப்பானீஸ்ல எழுதியிருந்தாங்க. அதுக்குக் கீழ நானும் தமிழ்ல ஒரு வரி எழுதிட்டு வந்தேன். அன்னைலருந்து சரியா தூக்கமில்ல. நான் தப்பானவனா மேடம்?

பதில்:

தம்பி, ரெண்டு பேரும் வயசு வந்தவங்க, விருப்பப்பட்டுப் போறீங்க, இதுல உங்கள தப்பானவர்னு நான் சொல்ல மாட்டேன். உங்க கடிதத்துல உடம்பப் பத்தி 'எல்லாம் முடிஞ்சப்புறம்'னு ரெண்டே வார்த்தைதான் இருக்கு, டீயப் பத்திதான் மனசு விட்டு எழுதியிருக்கீங்க. உங்களுக்கு இருக்கிறது விசாரிக்க ஆள் இல்லாத பசி. முகமே தெரியக் கூடாதுன்னு யோசிச்சுக் கட்டின இடத்துல போய் 'என்னைப் பாரு'ன்னு கேக்கிறீங்க, அதான் வெளிய வரும்போது அவ்வளவு வலிக்குது. இது உங்க ஒருத்தர் பிரச்சினையும் இல்லப்பா, ஜப்பான்ல 2021ல தனிமையக் கவனிக்கன்னே ஒரு அமைச்சரப் போட்டாங்க.

அந்தப் பொண்ண ஒரு ஞாயித்துக்கிழமை பகல்ல காபி குடிக்கக் கூப்பிட்டுப் பாருங்க, ஒரே ஒரு தடவ. வேண்டாம்னா விட்ருங்க, அவங்களுக்கும் வெளிய ஒரு வாழ்க்கை இருக்கலாம், நம்ம தனிமைக்கு அவங்க பொறுப்பில்ல. நிஷி கசாய்ல நம்ம ஊர் ஆளுங்க இவ்வளவு பேர் இருக்காங்களே, வாரத்துல ஒரு நாளாவது யார் வீட்டுலயாவது உக்காந்து சாப்பிடுங்க, ப்ளீஸ். பக்கத்துல இருக்கிற ஹோகென்ஜோவுல, அதாவது அரசு சுகாதார மையத்துல, பேர் சொல்லாமலே இலவசமா ஹெச்ஐவி டெஸ்ட் எடுக்கலாம், அதையும் தள்ளிப் போடாதீங்க. தூக்கம் இப்படியே போனா டாக்டரப் பாருங்க, மனசு கஷ்டத்தப் பேசறதுக்கு டெல் (TELL)னு ஒரு அமைப்பு அங்க இருக்கு, இங்கிலீஷ்லயே போன்ல பேசுவாங்க.

அந்த நோட்டுல என்ன எழுதினீங்கன்னு நீங்க சொல்லவே இல்ல. அத எனக்கு எழுதி அனுப்புங்க, காத்திருக்கேன்.