சோழியும் களிமண்ணும்

அன்புள்ள ஐயா,

அறிவியல் வரலாறு பற்றி நீங்கள் பேசிய உரையின் பதிவைக் கேட்டேன். வாக்கியப் பஞ்சாங்கத்தின் ஆதார எண்களில் ஒன்று பாபிலோனிலிருந்து வந்தது என்று போகிற போக்கில் சொல்லிவிட்டு அடுத்த விஷயத்துக்குத் தாவிவிட்டீர்கள். எனக்குச் சுருக்கென்று தைத்தது. என் தாய்வழித் தாத்தா பஞ்சாங்கம் கணித்தவர். அவருடைய பழைய நோட்டு ஒன்று எங்கள் வீட்டில் இருக்கிறது. எண் போட்ட 248 சிறு வரிகள். முதல் வரி ‘கீர் ந: ச்ரேய:’, கடைசி வரி ‘பவேத் சுகம்’. மந்திரம் என்று நினைத்து, சரஸ்வதி பூஜையன்று பொட்டு வைத்துத் திரும்பப் பெட்டிக்குள் வைத்துவிடுவோம்.

நம்முடையது எல்லாமே வெளியிலிருந்து வந்தது என்று வெள்ளைக்காரர்கள் எழுதி வைத்ததை நாமும் திருப்பிச் சொல்லத்தான் வேண்டுமா? இன்னொன்று: தாத்தாவுக்குக் கணக்குப் போடத் தெரியும், ஏன் அப்படி என்று கேட்டால் சொல்லத் தெரியாது என்பார் அம்மா. காரணம் தெரியாமல் போடும் கணக்கு அறிவியலே இல்லை என்கிறான் பொறியியல் படிக்கும் என் மகன். அவனுக்கு என்ன பதில் சொல்வது?

கே., மன்னார்குடி

அன்புள்ள கே.,

முதலில் அந்த நோட்டைப் பெட்டியிலிருந்து வெளியே எடுங்கள். மந்திரம் என்று நினைத்ததால்தான் அது பழைய பேப்பர்காரரிடம் போகாமல் தப்பித்திருக்கிறது. அந்த வகையில் பூஜைக்கு நன்றி. ஆனால் அது மந்திரம் இல்லை. சந்திரன் நாளுக்கு நாள் எவ்வளவு தூரம் நகர்கிறது என்பதன் அட்டவணை. வரருசி வாக்கியங்கள் என்று பெயர். வாக்கியப் பஞ்சாங்கம் என்ற பெயரில் உள்ள வாக்கியம் இதுதான்.

மகனையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு முதல் வரியை எண்ணாக மாற்றிப் பாருங்கள். வடமொழி மெய்யெழுத்து ஒவ்வொன்றுக்கும் ஓர் எண் உண்டு, கடபயாதி என்பார்கள். ‘கீர்’ என்பதில் உள்ள கீ, க-வர்க்கத்தின் மூன்றாவது எழுத்து, ஆகவே 3. உயிர் ஏறாத ர் கணக்கில் சேராது. ந என்றால் 0. ‘ச்ரே’ கூட்டெழுத்து, அதில் கடைசி மெய்க்கு மட்டும் மதிப்பு, ர என்றால் 2. ய என்றால் 1. ஆக 3, 0, 2, 1. இதை வலமிருந்து இடமாகப் படிக்க வேண்டும்: 1203. அதாவது 12 பாகை 3 கலை (பாகை என்றால் டிகிரி, அதில் அறுபதில் ஒரு பங்கு கலை). சந்திரன் மிக மெதுவாகச் செல்லும் இடத்திலிருந்து புறப்பட்டு முதல் நாளில் கடக்கும் தூரம் அது. இரண்டாவது வரி ‘தேனவ: ஸ்ரீ:’ என்று இருக்க வேண்டும். கறவைப் பசுக்களே செல்வம் என்று பொருள். எண்ணாக மாற்றினால் 24 பாகை 9 கலை. நீங்கள் எழுதிய கடைசி வரி ‘பவேத் சுகம்’, சுகம் உண்டாகட்டும். பொருத்தமான முடிவு என்று தோன்றும். எண்ணாக்கினால் 27 பாகை 44 கலை: 248 நாளில் சந்திரன் ஒன்பது முழுச் சுற்று சுற்றி, அதற்கு மேல் இவ்வளவு தூரம் போயிருக்கும். இன்றைய சராசரி வேகத்தை 248-ஆல் பெருக்கிப் பாருங்கள், அதே விடை வரும். நான் கால்குலேட்டரில் போட்டுப் பார்த்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

அது என்ன 248? சந்திரன் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. சில நாள் 12 பாகைகூட நகராது, சில நாள் 15 பாகை ஓடும். மெதுவான இடத்திலிருந்து மறுபடி மெதுவான இடத்துக்கு வர 27 நாளும் அரை நாளுக்குச் சற்று மேலும் ஆகும். இந்தப் பின்னம் கணக்கனுக்குப் பெரிய தொல்லை. ஆனால் அப்படி ஒன்பது சுற்றுகளைச் சேர்த்தால் கிட்டத்தட்ட முழு 248 நாள் வந்துவிடுகிறது. பிசகு 13 நிமிடம்தான். 110 சுற்றுகளைச் சேர்த்தால் 3031 நாள், பிசகு ஒரு நிமிடத்துக்கும் குறைவு. நம் கணிதர்கள் இந்த எண்களுக்கும் கடபயாதியில் பெயர் வைத்திருந்தார்கள். 3031-க்குக் கலாநிலம். 248-க்கு என்ன தெரியுமா? தேவாரம். தே 8, வா 4, ர 2. அப்பர், சம்பந்தர், சுந்தரர் பாடியதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை. ஆனாலும் அந்தப் பெயரைத் தேர்ந்தெடுத்தவர் ஒரு கணம் சிரித்திருப்பார் என்று நினைத்துக்கொள்வதில் எனக்கு ஒரு சந்தோஷம்.

இனி பாபிலோன். ஈராக்கில் ஊருக் என்ற பழைய நகரத்தின் களிமண் பலகைகளில், அலெக்சாந்தருக்குப் பிந்தைய காலத்து ஆப்பெழுத்தில் (ஆப்பு வடிவக் குறிகளால் ஆன பழைய எழுத்து), இதே 248 நாள் சக்கரம் இருக்கிறது. அதற்குப் பிறகு எகிப்தில் கிடைத்த கிரேக்க மொழிப் பாப்பிரஸ் ஏடுகளில் 248-உம் 3031-உம் சேர்ந்தே வருகின்றன. அதற்கும் பிறகு, ஆறாம் நூற்றாண்டில், வராகமிகிரர் என்ற வானியலாளர் ஐந்து சித்தாந்தங்களை, அதாவது வானியல் நூல்களை, தொகுத்துப் பஞ்சசித்தாந்திகை எழுதுகிறார். அதிலும் அந்த இரண்டு எண்களும் உண்டு. ஐந்து சித்தாந்தங்களில் ஒன்றின் பெயரே ரோமக சித்தாந்தம், ரோமானியருடைய சித்தாந்தம் என்று பொருள். அதை மறைக்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றவில்லை. அவருக்கு இல்லாத கூச்சம் நமக்கு எதற்கு?

வெள்ளைக்காரர்கள் எழுதி வைத்தது என்கிறீர்கள். அந்தக் கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லத்தான் வேண்டும்.

லெ ஜென்டில் என்ற பிரெஞ்சு வானியலாளர் 1760-இல் பிரான்சிலிருந்து கப்பலேறினார். சூரியனின் முகத்தை வெள்ளிக் கோள் கடப்பதைப் புதுச்சேரியில் இருந்து பார்த்து அளக்க வேண்டும், அதுதான் வேலை. அவர் வந்து சேர்வதற்குள் புதுச்சேரி ஆங்கிலேயர் கைக்குப் போய்விட்டது. 1761 ஜூன் 6-ஆம் தேதி ஆடும் கப்பலில் நின்று அதைப் பார்த்தார், அளவெடுக்க வழியில்லை. அடுத்த வாய்ப்பு எட்டு ஆண்டு கழித்து. ஊர் திரும்பாமல் இந்தக் கடல்பக்கமே சுற்றிக்கொண்டிருந்துவிட்டு 1768-இல் புதுச்சேரி வந்தார். இடிந்து கிடந்த கோட்டையின் மேல் கூடம் கட்டி, தொலைநோக்கியை நிறுத்திக் காத்திருந்தார். 1769 ஜூன் 4 காலையில் மேகம் மூடியது. எல்லாம் முடிந்த பிறகு வெயில் சுள்ளென்று அடித்தது. பதினொரு ஆண்டு கழித்து ஊர் போய்ச் சேர்ந்தால், ஆள் செத்துவிட்டார் என்று வாரிசுகள் சொத்தைப் பங்குபோட முனைந்திருக்கிறார்கள்.

அந்தக் காத்திருப்பில் அவர் செய்த உருப்படியான காரியம், தமிழ்க் கணிதர்களிடம் உட்கார்ந்து பாடம் கேட்டது. ஒரு தமிழர் சோழிகளை வைத்துக்கொண்டு, 1765 ஆகஸ்ட் 30-ஆம் தேதி நடந்து முடிந்த சந்திர கிரகணத்தை முக்கால் மணி நேரத்தில் கணக்கிட்டுக் காட்டினார். கிரகணம் எவ்வளவு நேரம் நீடித்தது என்பதில் தமிழ்க் கணக்கின் பிசகு 41 விநாடி. அன்று ஐரோப்பாவின் பெருமையாக இருந்த ஜெர்மன் வானியலாளர் டோபியாஸ் மேயரின் அட்டவணைகளில் 68 விநாடி.

லெ ஜென்டில் கொண்டுபோன அட்டவணைகளைப் பார்த்து மயங்கியவர் பெய்லி என்ற இன்னொரு பிரெஞ்சுக்காரர். கி.மு. 3102-லேயே இந்தியர்கள் வானத்தை நேரில் அளந்திருக்கிறார்கள் என்று 1787-இல் ஒரு தடித்த புத்தகமே எழுதினார். ஐயாயிரம் ஆண்டுப் பெருமை என்று இன்று மேடைகளில் முழங்குகிறோமே, அதை ஐரோப்பாவில் முழங்கியவரும் ஒரு வெள்ளைக்காரர்தான். பாபிலோன் என்று சொன்னால் அவர்கள் சதி, ஐயாயிரம் ஆண்டு என்று சொன்னால் நம் பெருமை என்று எடுத்துக்கொள்வது நியாயமில்லை.

அடுத்தவர் ஜான் வாரன். பெயரில் ஆங்கிலம், நாட்டால் பிரெஞ்சு, பூர்வீகத்தில் ஐரிஷ். சென்னை வானாய்வகத்தில் சில ஆண்டு பொறுப்பில் இருந்தவர். 1825-இல் அவர் வெளியிட்ட காலசங்கலிதம் என்ற நூலில், புதுச்சேரியில் தாம் பார்த்த பஞ்சாங்கக்காரர் ஒருவரைப் பற்றி எழுதுகிறார். சித்தாந்தத்தின் காரணங்கள் அந்த மனிதருக்கு ஒரு சொல்லும் தெரியாது. ஆனால் அசாத்திய நினைவாற்றல். தரையில் சோழியைப் பரப்பி, மனப்பாடமாக வாக்கியங்களைச் சொல்லிக்கொண்டே, அந்த ஆண்டு மே 31 இரவின் சந்திர கிரகணத்தைக் கணித்துவிட்டார். தாளில்லை, எழுத்தாணி இல்லை. பிசகு, தொடக்கத்தில் 4 நிமிடம், நடுவில் 23, முடிவில் 52.

இந்த இரண்டு சம்பவங்களையும் ஒருசேரச் சொல்பவர்கள் குறைவு. பெருமைக் கட்சிக்கு 41 விநாடி மட்டும் நினைவிருக்கும். ஏளனக் கட்சிக்கு 52 நிமிடம். முன்னது நீடித்த நேரத்தில் வந்த பிசகு, பின்னது முடிந்த நேரத்தில் வந்தது. இரண்டையும் ஒரே தராசில் வைக்க முடியாது என்பதைக்கூட யாரும் கவனிப்பதில்லை. ஒரே ஊர், ஒரே வழிக் கணக்கு. ஒரு முறை அபாரமாகப் பொருந்தியது, ஒரு முறை நழுவியது.

வாரன் அந்த மனிதர் எதிரில் உட்கார்ந்திருந்த 1825-இல், பாபிலோனின் ஆப்பெழுத்துப் பலகைகளைப் படிக்கத் தெரிந்தவர் உலகில் ஒருவரும் இல்லை. அந்த எழுத்தில் கடைசியாக எழுதப்பட்ட ஏடுகள் கி.பி. முதல் நூற்றாண்டைச் சேர்ந்தவை. அவையும் வானியல் ஏடுகளே. அதன் பிறகு எழுதியவர்களும் போனார்கள், படித்தவர்களும் போனார்கள். ஜெர்மன் யேசு சபைப் பாதிரிமார் இருவர், ஸ்ட்ராஸ்மையர் என்பவர் பிரிட்டிஷ் மியூசியத்தில் பலகைகளைப் பார்த்துப் படியெடுக்க, எப்பிங் என்பவர் கணக்கை உடைக்க, அவை மறுபடி பேசத் தொடங்கியது 1880-களில். ஆக, பிறந்த மண்ணில் அந்தக் கணக்கு செத்துக் கிட்டத்தட்டப் பதினெட்டு நூற்றாண்டு ஆன பிறகும், புதுச்சேரித் தரையில் சோழி வைத்த ஒரு மனிதரின் நாக்கில் அது உயிரோடு இருந்திருக்கிறது. சொன்னவருக்கும் அது தெரியாது, கேட்டவருக்கும் தெரியாது.

தெரிந்து சொன்னவர் ஓட்டோ நாய்கபவர். ஹிட்லர் காலத்தில் ஜெர்மனியை விட்டு வெளியேறி அமெரிக்கா போய்ச் சேர்ந்த கணித வரலாற்று அறிஞர். பாபிலோன் கணக்குகளில் ஆயுளைக் கழித்தவர். வாரனும் லெ ஜென்டிலும் எழுதியதைப் படித்துவிட்டு 1952-இல் ‘தமிழ் வானியல்’ என்றே தலைப்பிட்டு ஒரு கட்டுரை எழுதினார். களிமண் பலகையில் தொடங்கிய மரபின் கடைசிப் பிரதிநிதிகளில் ஒருவர் அந்தப் புதுச்சேரிக்காரர் என்பது அவருடைய முடிவு. இதில் நம்மை மட்டம் தட்டுவது எங்கே இருக்கிறது? எனக்குத் தெரியவில்லை. உங்கள் தாத்தாவும் அந்த வரிசையில் ஒருவர்.

உங்கள் மகன் சொல்வதில் பாதி நியாயம் இருக்கிறது. காரணம் தெரியாதவரிடம் கணக்கு பத்திரமாக இருக்கும், ஆனால் அவரால் அதைத் திருத்த முடியாது. வாக்கியம் வானத்தோடு ஒட்டவில்லை என்றால், எந்தச் சோழியை நகர்த்துவது என்று அவருக்குத் தெரியாது. அதற்காக, திருத்துகிறவர்களே இங்கே இல்லை என்று உங்கள் மகன் நினைத்தால் தவறு. கேரளத்தில் பரமேசுவரர் ஐம்பத்தைந்து ஆண்டு கிரகணங்களைப் பார்த்துப் பார்த்துக் குறித்து, பழைய எண்களை மாற்றி, 1431-இல் திருக்கணிதம் என்ற நூலை எழுதினார். சென்னை வானாய்வகத்தில் வேலை பார்த்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி பஞ்சாங்கக் குடும்பத்தில் பிறந்தவர். 1867-இல் ஒளி மாறும் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தவர். பஞ்சாங்கத்தை வானத்தோடு ஒட்டித் திருத்துங்கள் என்று கடைசிவரை வாதாடினார். யாரும் கேட்ட மாதிரி தெரியவில்லை. வானத்தோடு ஒட்டிக் கணிக்கும் திருக்கணிதப் பஞ்சாங்கத்தில் சனிப்பெயர்ச்சி 2023 ஜனவரியில் முடிந்துவிட்டது. திருநள்ளாறில் வாக்கியப்படி அதே ஆண்டு டிசம்பர் 20-இல் கொண்டாடினோம். ஒரே சனி, பதினொரு மாத இடைவெளி. திருவிழாவில் எனக்கு ஆட்சேபணை இல்லை. சனி எங்கே இருக்கிறது என்று பார்க்க வேண்டுமானால் மொட்டைமாடிக்குப் போனால் போதும்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள். கேரளத்தின் சங்கமகிராமத்து மாதவர், பதினான்காம் நூற்றாண்டில் பிறந்தவர், இதே 248 வாக்கியங்களை விகலை (கலையில் அறுபதில் ஒரு பங்கு) வரை நுட்பமாகத் திருத்தி எழுதினார். அவருடைய முதல் வரி ‘சீலம் ராஜ்ஞ: ச்ரியே’. எண்ணாக்கினால் 12 பாகை, 2 கலை, 35 விகலை. வரருசியின் மூன்று கலை இங்கே இரண்டு கலை முப்பத்தைந்து விகலை ஆகியிருக்கிறது. தாத்தாவின் நோட்டில் 248-க்குப் பிறகும் பக்கங்கள் இருந்தால் புரட்டிப் பாருங்கள். ஓரத்தில் பென்சிலால் ஏதாவது மாற்றிக் குறித்திருக்கிறாரா என்றும் பாருங்கள். அந்தப் பக்கங்களைப் படமெடுத்து அனுப்ப முடியுமா? பொட்டு விழுந்த இடத்தில் எழுத்து மறைந்திருந்தாலும் பரவாயில்லை, கணக்குப் போட்டுக் கண்டுபிடித்துவிடலாம்.