வாசகர் கேள்வி பதில்: மேடை அளவும் கேமரா அளவும்

கேள்வி: சிவாஜி கணேசன் நடிப்பை ‘ஓவர் ஆக்டிங்’ என்று வீட்டில் பிள்ளைகள் சொல்கிறார்கள். அவர்களுக்கு என்ன பதில் சொல்வது?

பதில்: எந்தப் படத்தைப் பார்த்துவிட்டுச் சொல்கிறார்கள் என்று முதலில் கேளுங்கள். ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ (1959) என்றால், படமாவதற்கு முன்பே சிவாஜி நாடக மன்றம் மேடையேற்றிய கதை அது. நாடகக் கொட்டகையில் கடைசி வரிசைக்காரருக்குப் புருவம் ஏறுவது தெரியாது. தோள், கை, நடை, குரல் இவைதான் அவரிடம் போய்ச் சேரும். அந்த அளவை சிவாஜி தெரிந்தேதான் படத்துக்கும் கொண்டுவந்தார். சபையில் நின்று பேசும் பாளையக்காரனுக்கு அது பொருந்தியது. 1960இல் கெய்ரோவில் நடந்த ஆசிய ஆப்பிரிக்கப் பட விழாவில் சிறந்த நடிகர் விருதும் அந்த வேடத்துக்குத்தான்.

பிறகு ‘முதல் மரியாதை’யை (1985) போட்டுக் காட்டுங்கள். பாரதிராஜாவின் கேமரா முகத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. பேச்சு தெருவில் பேசுகிற அளவுக்கு இறங்கிவிட்டது. நடிகர் அதே ஆள்தான், அளவு மட்டும்தான் வேறு. இரண்டையும் பார்க்காமல் தீர்ப்புச் சொல்வது நியாயமே இல்லை.

கேள்வி: ‘நவராத்திரி’ படத்தில் சிவாஜி போட்ட ஒன்பது வேடங்களும் மேக்கப் சாமர்த்தியம்தானா?

பதில்: இல்லை. சத்தத்தை அணைத்துவிட்டு, முகத்தை விட்டு நடையை மட்டும் பாருங்கள். டாக்டர், விவசாயி, தொழுநோயாளி எல்லோரும் காலை ஊன்றும் விதமே வேறு வேறு. தெருக்கூத்துக் கலைஞராக சாவித்திரியுடன் ஆடும் பகுதி இன்னும் விசேஷம். பாய்ஸ் கம்பெனியில், அதாவது சிறுவர்களை வைத்து நாடகம் போட்ட குழுவில், பாட்டு, ஆட்டம், வசனம் எல்லாம் சேர்த்துக் கற்ற உடம்பு இல்லாமல் அது வராது. அங்கே சிறுவர்கள் ஸ்திரீபார்ட்டும் (பெண் வேடமும்) போடுவார்கள். மகரக்கட்டு உடைந்தால், அதாவது வயது வந்து குரல் உடைந்தால், பழைய குரல் போய்விடும், வேடமும் போய்விடும். அதனால் எந்த வேடத்துக்கும் தயாராக இருப்பது அங்கே பிழைப்பு. நாடகத்தில் நூர்ஜஹானாக சிவாஜி பெண் வேடம் போட்டதைப் பார்த்துத்தான் தயாரிப்பாளர் பெருமாள் முதலியார் ‘பராசக்தி’க்கு (1952) அவரைத் தேர்ந்தெடுத்தார்.

கேள்வி: ஆறு வருடமாக மேடையில் நடிக்கிறேன். முதல் குறும்படத்தில் “கத்தாதீங்க” என்றார்கள். குரலைக் குறைத்தால் “உயிரே இல்லை” என்கிறார்கள். என்ன செய்வது?

பதில்: குரலோடு சேர்த்து மூச்சையும் குறைத்துவிடுகிறீர்கள். மேடையிலிருந்து வருகிறவர்கள் பெரும்பாலும் செய்கிற தவறு இது. மூச்சு குறைந்ததும் வாக்கியத்தின் கடைசிச் சொல் தொண்டைக்குள் போய்விடும். வினைமுற்று அங்கேதான் இருக்கிறது, அர்த்தமும் அதோடு போகும்.

20 வரி வசனம் ஒன்றை எடுத்து, மூச்சு எடுக்கும் இடங்களில் பென்சிலால் கோடு போடுங்கள். முதலில் அரங்கக் குரலில் பேசுங்கள். அடுத்து, செல்போனை ஒரு கை தூரத்தில் வைத்துப் பதிவு செய்தபடி, எதிரே உட்கார்ந்திருப்பவரிடம் பேசுவது போலப் பேசுங்கள். கோடுகள் மாறக் கூடாது. கேட்டுப் பார்த்து, கடைசிச் சொல் மங்கும் வரிகளை மட்டும் திரும்பச் செய்யுங்கள். ‘பராசக்தி’ நீதிமன்றக் காட்சி இதற்கு நல்ல பாடம். குரலைக் காப்பியடிக்க வேண்டாம், எங்கே மூச்சு வாங்குகிறார் என்று மட்டும் குறித்துக்கொள்ளுங்கள்.

ஷாட்டுக்கு முன்னால் கேமராமேனிடம் ஃபிரேம் (படத்தில் தெரியும் எல்லை) எதுவரை என்று கேளுங்கள், அதில் கூச்சமே வேண்டாம். குளோசப்பில் தலை ஓர் அங்குலம் முன்னே வந்தாலே ஃபோகஸ் போய்விடலாம். மேடைப் பழக்கத்தில் வசனத்துக்கு வசனம் தலையை ஆட்டினால் நல்ல டேக்கும் வீணாகும்.

இன்னொன்று கன்டினியூட்டி, அதாவது ஒரே காட்சியின் ஷாட்டுகள் ஒன்றோடொன்று பொருந்துவது. தம்ளரை எந்தச் சொல்லில் எடுத்தீர்கள், எந்தக் கையில் எடுத்தீர்கள் என்பதை ஸ்கிரிப்டிலேயே எழுதுங்கள். வைட் ஷாட்டில் வலது கை, குளோசப்பில் இடது கை என்றால் எடிட்டர் இரண்டையும் ஒட்ட முடியாது. நீங்கள் உயிரைக் கொடுத்து நடித்த டேக்தான் வெட்டுப்படும்.