கிரியேட்டினின் 1.2 நார்மல் என்கிறார்கள், அப்புறம் ஏன் இஜிஎஃப்ஆர் (சிறுநீரகம் வடிகட்டும் வேகத்தின் மதிப்பீடு) 49?

உங்கள் அம்மாவுக்கு வயது 70 என்கிறீர்கள். விடை அதில்தான் இருக்கிறது. கிரியேட்டினின் தசையிலிருந்து வரும் கழிவு. வயதான பெண்ணின் உடம்பில் தசை குறைவு, அதனால் அது குறைவாகத்தான் உருவாகும். அப்படியும் ரத்தத்தில் 1.2 தேங்குகிறது என்றால், சிறுநீரகம் வடிகட்டும் வேகம் குறைந்திருக்கலாம். கிரியேட்டினினை வைத்து இஜிஎஃப்ஆரைக் கணக்கிடும், 2021-இல் வந்த சிகேடி-எபி சூத்திரம் வயதையும் பாலினத்தையும் சேர்ப்பது இதற்காகத்தான். இதே 1.2 முப்பது வயது ஆணுக்கு என்றால் இஜிஎஃப்ஆர் 83 வரும்.

ஆனாலும் இது மதிப்பீடுதான். முந்தைய நாள் மட்டன் நிறையச் சாப்பிட்டிருந்தாலோ, வாந்தி பேதியில் உடம்பு வறண்டிருந்தாலோ இஜிஎஃப்ஆர் எண் இறங்கும். மூன்று மாதம் கழித்தும் 60-க்குக் கீழேயே நின்றால் நாள்பட்ட சிறுநீரக நோய். சிறுநீரில் ஆல்புமின் என்ற புரதம் போகிறதா என்றும் பார்த்துவிடுங்கள். டாக்டரைக் கேட்காமல் மூட்டுவலிக்கு டைக்ளோஃபெனாக் மட்டும் தயவுசெய்து கொடுக்காதீர்கள்.